அரைப் படம் பார்த்து அவசரப்பட வேண்டாம்

(நம் அறக்கட்டளையின் கல்வி உதவித்தொகை வழங்கும் நிகழ்ச்சியில், பெற்றோர்களுக்கும் கல்லூரி மாணவர்களுக்கும் செயலாளர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



 

வழக்கமாக இந்த மேடையில் படிப்பு, மதிப்பெண், வேலைவாய்ப்பு என்று பேசுவோம். இன்று வேறொன்றைப் பேச அனுமதி கேட்டு நிற்கிறோம். தீவிரவாதம் பேசுகிறவர்கள் ஆவணப்படங்களில் தோன்றுகிறார்கள். அந்தப் படங்களின் துண்டுகள் நம் பிள்ளைகளின் கைபேசிக்கு வந்து சேருகின்றன. அதைப் பார்க்கும் பிள்ளையின் மனம் என்ன ஆகிறது, அப்போது நாம் என்ன செய்ய வேண்டும் என்பதுதான் இன்றைய பேச்சு.

இதைப் பேச வைத்தவர் ஒரு தம்பி. சென்ற விடுமுறையில் ஒரு நாள் அஸர் தொழுகை முடிந்து நம் அறக்கட்டளை அலுவலகத்தைத் திறந்தோம். வெளியே நல்ல மூடுபனி. வாசிப்பறை மூலையில் அந்தத் தம்பி கைபேசியோடு உட்கார்ந்திருந்தார். முகம் சிவந்திருந்தது. கை நடுங்கியது. "என்ன தம்பி, உடம்புக்கு முடியலையா?" என்று கேட்டோம். பதில் பேசாமல் கைபேசியை நீட்டினார். இரண்டு நிமிடத் துண்டுப் படம். காவித் துண்டு கட்டிய ஒரு கூட்டம் நம் சமுதாயத்தைக் கேவலமாகப் பேசிக் கோஷம் போடுகிறது. மேலே எவரோ ஆங்கிலத்தில் ஆத்திரமூட்டும் இரண்டு வரி சேர்த்திருக்கிறார்கள். படத்தின் பெயர் இல்லை, வருடம் இல்லை, ஊர் இல்லை. தம்பி ஒரே கேள்விதான் கேட்டார்: "இதைப் பார்த்துட்டும் சும்மா இருக்கணுமா மாமா?"

அந்தக் காட்சி எங்கேயோ பார்த்ததாக இருந்தது. யோசித்தபோது நினைவு வந்தது. கல்லூரி முடித்த புதிதில் மதுரையில் ஒரு நண்பரின் அறையில், பத்துப் பேர் நெருக்கியடித்து உட்கார்ந்து வீடியோ கேசட்டில் பார்த்த படம். ஆனந்த் பட்வர்தன் எடுத்த 'ராம் கே நாம்'. "தம்பி, இது முப்பது வருடத்துக்கு மேலான படம். நீ பார்த்தது இரண்டு நிமிடம். மிச்சத்தையும் பார்ப்போமா?" என்று கேட்டோம். மக்ரிபுக்குப் பிறகு இருவரும் உட்கார்ந்து முழுவதையும் பார்த்தோம்.

அந்தப் படத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 1990ல் அத்வானி அவர்களின் ரத யாத்திரை நடந்த காலத்தில் எடுக்கப்பட்டது. அந்த ஆண்டு அக்டோபர் 30ஆம் தேதி கரசேவகர்கள் பாபரி பள்ளிவாசல் மீது ஏறிய நாட்களின் அயோத்தி அதில் பதிவாகியிருக்கிறது. பட்வர்தன் கேமராவைத் தூக்கிக்கொண்டு கரசேவகர்களிடம் போகிறார். அவர்களோடு சண்டை போடவில்லை. பொறுமையாகச் சின்னச் சின்னக் கேள்வி கேட்கிறார். ராமர் எந்தக் காலத்தில் பிறந்தார் என்று கேட்டால், படித்த இளைஞருக்கே பதில் தெரியவில்லை. ஆனாலும் உயிரைக் கொடுக்கத் தயார் என்கிறார். 1949 டிசம்பரில் பள்ளிவாசலுக்குள் இரவோடு இரவாகச் சிலைகள் வைக்கப்பட்ட விஷயத்தை, அதில் தனக்குப் பங்குண்டு என்று ஒரு மடத்துப் பெரியவர் பெருமையாகவே கேமரா முன் சொல்கிறார். பின்னால் வந்த எத்தனையோ விவாதங்களில் இந்தப் படம் பேசப்பட்டதற்கு அது ஒரு காரணம்.

ஆனால் தம்பிக்கு வந்த துண்டில் இல்லாத ஒருவர் அந்தப் படத்தில் இருக்கிறார். அவர் பெயர் லால்தாஸ். அந்த இடத்தில் பூசை செய்ய நீதிமன்றத்தால் அமர்த்தப்பட்ட பூசாரி. ராமருக்குத் தினமும் பூசை செய்கிற அந்த மனிதர் கேமரா முன் அமர்ந்து, இந்த இயக்கம் ராமருக்காக நடக்கவில்லை, பதவிக்காகவும் பணத்துக்காகவும் நடக்கிறது என்று பதற்றமில்லாமல் சொல்கிறார். அயோத்தியில் இந்துவும் முஸ்லிமும் காலங்காலமாகச் சேர்ந்து வாழ்ந்ததைச் சொல்கிறார். தன் உயிருக்கு ஆபத்து உண்டு என்பது அவருக்குத் தெரியும். தெரிந்துதான் பேசினார்.

அவருக்கு என்ன நடந்தது? 1992ல் பூசாரிப் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். அந்த ஆண்டு டிசம்பர் 6ஆம் தேதி பள்ளிவாசல் இடிக்கப்பட்டது. 1993 நவம்பர் 16ஆம் தேதி லால்தாஸ் கொல்லப்பட்டார்.

இதைச் சொன்னபோது தம்பியின் முகம் மாறியது. "இவரைப் பத்தி யாருமே எங்களுக்குச் சொல்லலையே மாமா" என்றார். சொல்லாதது நம் குற்றம். இடித்தவர்களின் பெயர்கள் நம் வீட்டுப் பிள்ளைகளுக்குத் தெரியும். நமக்காகப் பேசி உயிரைக் கொடுத்த பூசாரியின் பெயர் தெரியாது. முப்பது வருடமாக நாமும் அந்தப் படத்தின் பாதியைத்தான் பிள்ளைகளுக்குச் சொல்லி வந்திருக்கிறோம்.

அந்தப் படத்துக்குத் தணிக்கைக் குழு எல்லோரும் பார்க்கத்தக்க 'யு' சான்றிதழ் கொடுத்தது. தேசிய விருதும் கிடைத்தது. இருந்தும் தூர்தர்ஷன் ஒளிபரப்ப மறுத்தது. இயக்குநர் பல வருடம் வழக்கு நடத்தித் தீர்ப்பு வாங்கிய பிறகே ஒளிபரப்பானது. ஒரு படத்தை முழுவதும் பார்ப்பது நம் நாட்டில் இப்படிச் சிரமம். அதன் இரண்டு நிமிடத் துண்டு மட்டும் எல்லார் கைபேசிக்கும் இலவசமாக வந்துவிடுகிறது.

வட்டக்கானல் பெயர் வந்த வழக்கு

சகோதரர்களே, "ஒரு துண்டுப் படம் என்ன செய்துவிடும், பார்த்துவிட்டுத் தூங்கிவிடுவார்கள்" என்று சிலர் நினைக்கலாம். நம் மலையின் பெயரே வந்த ஒரு வழக்கை நினைவூட்டுகிறோம்.

2016 அக்டோபர் 2ஆம் தேதி, கேரளத்தில் கண்ணூர் மாவட்டத்தின் கனகமலையில் கூடியிருந்த சில இளைஞர்களைத் தேசியப் புலனாய்வு முகமை பிடித்தது. ஐ.எஸ். அமைப்பின் கொள்கையை ஏற்று நாசவேலைக்குத் திட்டமிட்டார்கள் என்பது வழக்கு. அவர்கள் குறிவைத்ததாகச் சொல்லப்பட்டவற்றில் ஒன்று எது தெரியுமா? நம் வட்டக்கானல். அங்கே வந்து தங்கும் யூதப் பயணிகள். 2019 நவம்பரில் கொச்சி தனி நீதிமன்றம் ஆறு பேரைக் குற்றவாளிகள் என்று தீர்ப்பளித்தது. ஒருவர் விடுவிக்கப்பட்டார். அந்தக் குழுவில் தமிழ்நாட்டோடு தொடர்புள்ளவர்களும் இருந்தார்கள். எந்தப் பள்ளிவாசல் திண்ணையிலும் அவர்கள் இந்தப் பேச்சைப் பேசவில்லை. பேசிக்கொண்டது டெலிகிராம் குழுவில்.

வட்டக்கானல் நமக்குப் புதிய இடமா? அந்த ஒற்றைச் சாலையில் ரொட்டி ஆம்லெட் போடுகிறவர், அறை வாடகைக்கு விடுகிறவர், டாக்சி ஓட்டுகிறவர் எல்லாரும் நம் அக்கம்பக்கத்தார். டால்பின் நோஸ் பார்க்கப் போகிறவர்களுக்கு வழி காட்டிப் பிழைக்கிற பையன்கள் இருக்கிறார்கள். அல்லாஹ் காப்பாற்றினான். அங்கே ஒன்று நடந்திருந்தால், நம் ஊரை நம்பி வந்த விருந்தாளிகள் செத்திருப்பார்கள். அவர்களோடு நம் ஊர் ஏழைகளும் செத்திருப்பார்கள். அதன் பிறகு இந்த மலையில் நம் கடைப் பலகையில் நம் பெயரை எழுதி வைக்க முடிந்திருக்குமா? ஓர் உயிரை அநியாயமாகக் கொல்வது மனித குலம் முழுவதையும் கொல்வதற்குச் சமம் என்று நம் மார்க்கம் சொல்கிறது. அந்த உயிர் எந்த நாட்டுப் பாஸ்போர்ட் வைத்திருக்கிறது என்று மார்க்கம் பார்க்கவில்லை.

ஐம்பது வயது கடந்தவர்களுக்குக் கோவை நினைவிருக்கும். 1997 நவம்பரில் ஒரு காவலர் கொல்லப்பட்டார். அதைத் தொடர்ந்த கலவரத்திலும் துப்பாக்கிச் சூட்டிலும் நம் மக்கள் 18 பேர் மாண்டார்கள். அந்த 18 பேருக்கு நீதி கேட்க வேண்டிய நேரம் அது. அந்தக் கோரிக்கையோடு கோவை வீதிகளில் நாம் நின்றிருக்க வேண்டும். ஆனால் 1998 பிப்ரவரி 14ஆம் தேதி சிலர் குண்டு வைத்தார்கள். 58 பேர் இறந்தார்கள். அதன் பிறகு அந்த 18 பேரைப் பற்றிப் பேச நமக்கு வாய் இல்லாமல் போனது. ஒரு குற்றமும் செய்யாதவர்கள் வருடக்கணக்கில் சிறையில் கிடந்தார்கள். அந்த வருடம் இந்த மலையிலிருந்து கோவைக்கு வேலைக்குப் போயிருந்த நம் பிள்ளைகள் வாடகைக்கு வீடு கிடைக்காமல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு திரும்பி வந்ததை நாங்கள் கண்ணால் பார்த்தோம். குண்டு வைத்தவன் தன் சமுதாயத்துக்காக வைத்தேன் என்பான். அதன் விலையை அவனுடைய சமுதாயம்தான் கொடுத்தது.

நம் மொழியில் பேசியவன்

இன்னொரு கசப்பான விஷயத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். படத்தில் தோன்றும் தீவிரவாதி எப்போதும் அடுத்த வீட்டுக்காரனாகவே இருப்பதில்லை. சில நேரம் நம் வீட்டுக்காரனாகவும் இருக்கிறான்.

2019 ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு. இலங்கையில் மூன்று தேவாலயங்களிலும் மூன்று பெரிய ஓட்டல்களிலும் தற்கொலைத் தாக்குதல். 250க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். குருத்தோலை ஞாயிறு முடிந்து ஒரு வாரம் நோன்பிருந்து, பண்டிகைத் தொழுகைக்கு வந்த ஏழைக் குடும்பங்கள். தலைமை தாங்கியவன் காத்தான்குடியைச் சேர்ந்த சஹ்ரான் ஹாஷிம். அவன் யாரும் எடுத்த ஆவணப்படத்தில் வரவில்லை. தானே கேமரா முன் உட்கார்ந்து பேசி, இணையத்தில் ஏற்றினான். பேசிய மொழி தமிழ். நம் பிள்ளைகளுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படாத தமிழ்.

காத்தான்குடி மக்கள் சும்மா இருக்கவில்லை. அவன் ஊரில் மோதல் உண்டாக்கியபோது எதிர்த்தார்கள். அதிகாரிகளிடம் முறையிட்டார்கள். அதைக் கேட்டு நடவடிக்கை எடுக்க வேண்டியவர்கள் எடுக்கவில்லை. தாக்குதலுக்குப் பிறகு, தாக்கியவர்களின் மையித்துகளை ஏற்க மாட்டோம் என்று அகில இலங்கை ஜம்இய்யத்துல் உலமா அறிவித்தது. இருந்தும் மே மாதம் குருநாகல், கம்பஹா மாவட்டங்களில் அப்பாவி முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டன.

2023 செப்டம்பரில் பிரிட்டனின் சேனல் 4 இதைப் பற்றி ஓர் ஆவணப்படம் வெளியிட்டது. புலனாய்வு அதிகாரி ஒருவருக்கு அந்தக் குழுவோடு தொடர்பு இருந்தது என்று ஒருவர் அதில் குற்றம் சாட்டினார். அந்த அதிகாரி மறுத்தார். அந்தப் படம் வந்ததும் நம்மில் சிலர், "பார்த்தீர்களா, நம்ம ஆள் யாரும் செய்யவே இல்லை, எல்லாம் சதி" என்று செய்தி அனுப்பினார்கள். கொஞ்சம் நிதானமாக யோசியுங்கள். பின்னால் யாராவது இருந்தார்கள் என்றால் அது விசாரிக்கப்பட வேண்டும், அவர்கள் தண்டிக்கப்பட வேண்டும். அதில் இரண்டாவது பேச்சு இல்லை. ஆனால் குண்டைத் தோளில் சுமந்து போனவர்கள் யார் வீட்டுப் பிள்ளைகள்? தொழுகை கற்றுக்கொண்ட வீட்டுப் பிள்ளைகள். பின்னால் எவன் இருந்தாலும், முன்னால் நம் பிள்ளை ஏன் போய் நின்றான் என்ற கேள்விக்கு நாம்தான் பதில் தேட வேண்டும். "சதி" என்ற ஒரே சொல்லால் அந்தக் கேள்வியை மூடினால், அடுத்த பிள்ளையும் போவான்.

2022 அக்டோபரில் கோவை உக்கடம் பகுதியில் கோயில் அருகே கார் வெடித்தது நினைவிருக்கும். அப்போது கோவை ஜமாஅத்தார் வாய்மூடி இருக்கவில்லை. வெளிப்படையாகக் கண்டித்தார்கள். அந்தக் கோயிலுக்கே நேரில் போய் நிர்வாகத்தாரைச் சந்தித்தார்கள். 1998லிருந்து கோவை கற்ற பாடம் அது. அவர்களுக்கு அல்லாஹ் நற்கூலி வழங்குவானாக.

இரு பக்கமும் கேமராவோடு போன பெண்

தம்பியோடு 'ராம் கே நாம்' பார்த்த பிறகு, வேறு நாடுகளில் இப்படி யாராவது செய்திருக்கிறார்களா என்று தேடினோம். தியா கான் என்ற சகோதரியின் படங்கள் கிடைத்தன. நார்வேயில் பிறந்தவர். தந்தை பாகிஸ்தான், தாய் ஆப்கானிஸ்தான். இளம் வயதில் பாடகியாக இருந்தார். அதற்காக நம் சமுதாயத்தைச் சேர்ந்த சிலரே மிரட்டி, பதினேழு வயதில் அவர் ஊரை விட்டே போக நேர்ந்தது. அவர் பாடியதை நம் ஹஜ்ரத்மார்கள் ஏற்பார்களா என்பது வேறு பேச்சு. ஒரு பெண் பிள்ளையை மிரட்டி ஊரை விட்டுத் துரத்துவதை எந்த ஹஜ்ரத்தும் ஏற்க மாட்டார்.

அவர் 2015ல் பிரிட்டனில் ஒரு படம் எடுத்தார். ஒரு காலத்தில் ஆயுதம் தூக்கியவர்களையும், வாலிபர்களைப் போருக்கு அனுப்பியவர்களையும் தேடிப்போய் உட்கார வைத்துப் பேசினார். அபூ முன்தஸிர் என்பவர் அதில் முக்கியமானவர். ஆப்கானிஸ்தான் போனவர், பலரை அனுப்பியவர். அவர் கேமரா முன்னால் குலுங்கி அழுகிறார். தான் அனுப்பிய பிள்ளைகளை நினைத்து அழுகிறார். அந்தப் படத்தில் பேசியவர்கள் பலரும் கிட்டத்தட்ட ஒரே மாதிரிக் கதைதான் சொல்கிறார்கள். வெளியே இனவெறியால் அவமானம். வீட்டில் பேசிக் கேட்க ஆள் இல்லை. அப்போது ஒருவன் வந்து தோளில் கை போட்டு, "நீ சாதாரண ஆள் இல்லை, உனக்கு ஒரு வேலை இருக்கிறது" என்கிறான். மார்க்கம் பிறகுதான் வருகிறது. அதுவும் பாதி மார்க்கம்.

இரண்டு வருடம் கழித்து அதே சகோதரி அமெரிக்கா போனார். 'வெள்ளை வலதுசாரி: எதிரியைச் சந்தித்தல்' என்ற பொருளில் பெயர் வைத்த படம். ஹிட்லரின் சின்னத்தைப் போட்டுக்கொண்டு, வெள்ளையர் அல்லாதவர் நாட்டில் இருக்கக்கூடாது என்கிறவர்களிடம், மாநிறப் பெண்ணாக, முஸ்லிம் பெயரோடு போய் உட்கார்ந்தார். 2017 ஆகஸ்டில் சார்லட்ஸ்வில் நகரில் நடந்த அவர்களின் ஊர்வலத்திலும் கூட நின்று படமெடுத்தார். "என் முகத்தைப் பார்த்து, நான் இந்த நாட்டில் இருக்கக்கூடாது என்று சொல்ல முடியுமா?" என்கிற பொருளில் அவர் கேட்கும்போது சிலர் தடுமாறுகிறார்கள். அந்தப் படத்துக்கு 2018ல் சர்வதேச எம்மி விருது கிடைத்தது. விருதைவிடப் பெரிது வேறொன்று. படத்தில் வந்த சிலர் பிறகு அந்த இயக்கத்தை விட்டே விலகினார்கள். அவர்களில் கென் பார்க்கர் என்பவர் 2018ல், கறுப்பின மக்கள் தொழும் ஒரு தேவாலயத்தில் போய்ச் சேர்ந்தார். அந்த அமைப்பின் தலைவராகவே நீண்ட காலம் இருந்த ஜெஃப் ஸ்கூப் என்பவரும் 2019ல் விலகினார். தன் மனம் மாறியதற்குக் காரணமானவர்களில் ஒருவராகத் தியா கானைச் சொன்னார்.

எல்லாரும் மாறிவிடவில்லை. மாறாதவர்களே அதிகம். உட்கார்ந்து பேசினால் எல்லாம் சரியாகிவிடும் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. அரசும் காவல்துறையும் நீதிமன்றமும் செய்ய வேண்டிய வேலையைச் சினிமா செய்யாது. நாங்கள் கவனித்தது வேறு. நம் பக்கத்துத் தீவிரவாதியும் அந்தப் பக்கத்துத் தீவிரவாதியும் அவர் கேமரா முன் சொன்ன காரணங்கள் ஒன்றுபோலவே இருந்தன. அவமானம், தனிமை, வீட்டில் அன்பில்லாமை, தோளில் விழுந்த முதல் கை.

நம் நாட்டைப் பற்றிய படம் ஒன்றிலும் இதைப் பார்க்கலாம். நிஷா பஹூஜா எடுத்த 'தி வேர்ல்ட் பிஃபோர் ஹர்', 2012ல் வந்தது. விஷ்வ ஹிந்து பரிஷத்தின் பெண்கள் அமைப்பான துர்கா வாஹினி நடத்தும் பயிற்சி முகாமைக் காட்டுகிறது. நம்மை எதிரி என்று அங்கே சின்னப் பெண்களுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்கள். பார்க்கக் கோபம் வரும். பிறகு அதில் பயிற்சி கொடுக்கும் இளம்பெண் தன் வீட்டைப் பற்றிப் பேசுகிறார். பெண்ணாகப் பிறந்தும் தன்னைக் கொல்லாமல் விட்டதற்காகவே தந்தைக்குக் கடமைப்பட்டிருப்பதாகச் சொல்கிறார். அந்தத் தந்தை மகளுக்குச் சூடு வைத்ததும் படத்தில் வருகிறது. அதைக் கேட்டபோது எங்களுக்குக் கோபம் போய் வேறேதோ தொண்டையை அடைத்தது. அவர் சொல்லிக் கொடுப்பதை நாம் ஒருநாளும் ஏற்க மாட்டோம். ஆனால் அவர் எங்கிருந்து வந்தார் என்று புரிகிறது. புரிந்தால்தான் நம் வீட்டுப் பிள்ளை அதே பாதையில் போகாமல் தடுக்க முடியும். இங்கே உட்கார்ந்திருக்கும் அத்தாமார்களே, பிள்ளையை அடித்து வளர்த்தால் வழிக்கு வருவான் என்று நினைக்கிறவர்கள் அந்தக் காட்சியை ஒருமுறை பார்க்க வேண்டும்.

செய்ய வேண்டியவை

இனி நடைமுறைக்கு வருவோம். ஹஜ்ரத்மார்களோடும் ஜமாஅத்தாரோடும் கலந்து பேசிச் சில விஷயங்களை முடிவு செய்திருக்கிறோம்.

முதலாவது, கைபேசிக்கு ஒரு துண்டுப் படம் வந்தால் மூன்று கேள்வி கேளுங்கள். எடுத்தவர் யார்? எந்த வருடம், எந்த ஊர்? இதற்கு முன்னும் பின்னும் என்ன இருந்தது? ஒரு செய்தி வந்தால் தீர விசாரித்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் அறியாமையால் ஒரு கூட்டத்துக்குத் தீங்கு செய்துவிட்டுப் பிறகு வருந்துவீர்கள் என்பது சூரா ஹுஜுராத் நமக்குக் கற்றுத்தரும் ஒழுங்கு. கைபேசிச் செய்திக்கும் அதே ஒழுங்குதான். பதில் தெரியாவிட்டால் அடுத்தவருக்கு அனுப்பாதீர்கள். மாணவர்கள் இதைக் குறிப்பாகக் கவனிக்க வேண்டும். யோசிக்காமல் அனுப்பிய ஒரு துண்டுப் படம் வழக்காகி, படிப்பும் வேலையும் போக வாய்ப்பு உண்டு.

இரண்டாவது, கோபமூட்டும் படத்தைத் தனியாக உட்கார்ந்து பார்க்காதீர்கள். அத்தாவோடு பாருங்கள், அண்ணனோடு பாருங்கள், நம்பிக்கையான ஆசிரியரோடு பாருங்கள். தனியாகப் பார்க்கிற கோபம் உள்ளேயே கிடந்து புளிக்கும். கூட ஒருவர் இருந்தால் பேச்சாக வெளியே வரும்.

மூன்றாவது, பெற்றோர்களுக்கு. பிள்ளை திடீரென்று பழைய நண்பர்களை விட்டு விலகினால், வீட்டில் எல்லாரும் வழிகேடர்கள் என்று பேச ஆரம்பித்தால், பள்ளிவாசல் ஹஜ்ரத்தைவிட முகம் தெரியாத யாரோ ஒருவரின் பேச்சு பெரிதாகிவிட்டால், கைபேசியைப் பிடுங்கி அடிக்காதீர்கள். பக்கத்தில் உட்காருங்கள். கேளுங்கள். உங்களால் முடியாவிட்டால் ஹஜ்ரத்திடம் வாருங்கள், அறக்கட்டளைக்கு வாருங்கள். குடும்ப மானம் போய்விடும் என்று மறைக்காதீர்கள். வெளியே ஒரு பெயரும் போகாது என்று உறுதி தருகிறோம். அதே சமயம், யாருக்காவது தீங்கு செய்யும் திட்டம் என்று தெரிய வந்தால் அதை மறைப்பது மார்க்கத்திலும் குற்றம், சட்டத்திலும் குற்றம். அதில் எங்களிடம் தயவு எதிர்பார்க்க வேண்டாம்.

நான்காவது, கேமராவோடு யாராவது நம் மஹல்லாவுக்கு வந்தால் பயந்து ஓடவும் வேண்டாம், வாய்க்கு வந்ததைப் பேசவும் வேண்டாம். யார், எந்த நிறுவனம், எதற்காக என்று கேளுங்கள். ஜமாஅத் நிர்வாகிகளிடம் அழைத்து வாருங்கள். பேசத் தெரிந்த பெரியவர்களும், படித்த பெண்களும் பேசட்டும். அமைதியானவர்கள் எல்லாரும் கதவைச் சாத்திக்கொண்டால், தெருமுனையில் கத்துகிற ஒருவனே நம் சமுதாயத்தின் முகமாகப் படத்தில் வந்து நிற்பான்.

ஐந்தாவது, இன்ஷா அல்லாஹ், மாதம் ஒரு ஞாயிறு மாலை நம் அறக்கட்டளை வாசிப்பறையில் மாணவர்களும் பெற்றோர்களும் சேர்ந்து ஒரு ஆவணப்படம் பார்ப்போம். பார்த்து முடித்து ஒரு மணி நேரம் பேசுவோம். 2024 ஜனவரியில் ஹைதராபாத்தில் 'ராம் கே நாம்' திரையிட்டவர்கள் மீது புகார் வந்து சிலர் கைது செய்யப்பட்டார்கள் என்பது நமக்குத் தெரியும். அதனால் எந்தப் படமானாலும் முன்கூட்டியே வழக்கறிஞரிடம் கேட்டுக்கொண்டு, ஒழுங்கு முறையோடு, நம் உறுப்பினர்களுக்கு மட்டுமே நடத்துவோம். நம் மலையின் பிற சமயத்து நண்பர்களும் வர விரும்பினால் தாராளமாக அழைப்போம். லால்தாஸின் பேச்சை அவர்களும் நம்மோடு உட்கார்ந்து கேட்கட்டும்.

முடிவாக ஒன்று. அன்று படம் முடிந்ததும் அந்தத் தம்பி கேட்ட கடைசிக் கேள்வி எங்களைத் தூங்க விடவில்லை. "மாமா, அவங்க பக்கத்துல ஒரு லால்தாஸ் இருந்தார். நம்ம பக்கத்துல ஒருத்தன் தப்புப் பண்ணினா, கேமரா முன்னாடி உட்கார்ந்து தப்புன்னு சொல்ல நம்மகிட்ட யார் இருக்காங்க?"

நாங்கள் உடனே பதில் சொல்லவில்லை. காத்தான்குடியில் முறையிட்டவர்களின் பெயர் நமக்குத் தெரியாது. கோவையில் கோயிலுக்குப் போன பெரியவர்கள் விளம்பரத்துக்காகப் போகவில்லை. அவர்கள் இருந்தார்கள், இருக்கிறார்கள். ஆனால் இந்த மலையில், நம் சொந்தத் தெருவில், சொந்தக்காரப் பையன் வாயிலிருந்து அப்படி ஒரு பேச்சு வந்தால், "தப்பு" என்று முதலில் சொல்லப்போவது யார்? அது நாமாக இருக்க வேண்டும். இந்த நிகழ்ச்சியை நடத்தும் நிர்வாகிகளாகிய நாங்களே முதலில் சொல்ல வேண்டும். அதைச் சபை முன் வாக்காகச் சொல்லிவிட்டோம். நீங்கள் அனைவரும் சாட்சி.

அந்தத் தம்பி இன்று இந்தச் சபையில்தான் உட்கார்ந்திருக்கிறார். பெயர் சொல்ல மாட்டோம். மாத நிகழ்ச்சிக்குப் படம் தேர்ந்தெடுக்கும் பொறுப்பை அவரிடமே கொடுத்திருக்கிறோம்.

யா அல்லாஹ், எங்கள் பிள்ளைகளை வெறுப்பிலிருந்தும், வெறுப்பை விற்கிறவர்களிடமிருந்தும் காப்பாற்றுவாயாக. அநியாயத்துக்கு ஆளானவர்களுக்கு நீதி கிடைக்கச் செய்வாயாக. நீதிக்காகப் பேசியவர்களை, அவர்கள் எந்தச் சமயத்தவராக இருந்தாலும், நாங்கள் நன்றியோடு நினைக்கும்படிச் செய்வாயாக. இந்த மலையில் வாழும் எல்லாருக்கும், இந்த மலைக்கு வருகிற எல்லா விருந்தினருக்கும் அமைதியைத் தருவாயாக. ஆமீன்.